வெண்மணியில் எஞ்சியவர்கள்



சரசுவதி மகால் நூலகம் இருக்கிற ஊர் இது. ஒரு சுவடியைக் காப்பது என்ன பாடு என்று தஞ்சாவூருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆகவே ஒரு சுவடியைச் சொல்லித் தொடங்குகிறேன். ஆர்மேனியத் தலைநகர் எரெவானில் மாத்தெனதரான் என்ற சுவடி நூலகம் உண்டு. அங்கே 13-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கன்றுத்தோலில் எழுதப்பட்ட ஒரு பெருநூல் இருக்கிறது. எடை ஏறத்தாழ 28 கிலோ. மூஷ் என்ற நகரத்தை ஒட்டிய மடத்தில் அது பல நூற்றாண்டுகள் இருந்தது. 1915-இல் ஒட்டோமான் அரசு தன் ஆட்சிக்குட்பட்ட ஆர்மேனியக் குடிகளை ஊர் ஊராகக் கொன்றும் பாலைவனத்துக்குத் துரத்தியும் அழித்தபோது மூஷும் அழிந்தது. உயிர் தப்பி ஓடிய இரண்டு பெண்கள் இடிபாட்டில் இந்த நூலைக் கண்டார்கள். ஒருத்தியால் தூக்க முடியாத பாரம். இரண்டாகப் பிரித்து, ஆளுக்குப் பாதி சுமந்தார்கள். ஒருத்தி எச்மியாட்சின் மடத்துக்கு வந்து சேர்ந்தாள். மற்றவள் வழியில் இறந்துபோனாள். அவள் புதைத்து வைத்த பாதி, பின்னாளில் எர்சுரும் பக்கத்தில் கிடைத்தது. இன்று இரண்டு பாதியும் ஒரே இடத்தில் இருக்கின்றன.

கையில் குழந்தையோ சோற்றுமூட்டையோ இருந்திருக்க வேண்டிய நேரத்தில் அந்தப் பெண்கள் ஏன் அதைச் சுமந்தார்கள்? அவர்களுக்கு எழுதப் படிக்கத் தெரிந்திருந்ததா என்பதுகூட இங்கே முக்கியமில்லை. தாங்கள் அழிந்தாலும் தங்களுக்கு ஓர் ஊர் இருந்தது என்பதற்கு ஏதாவது ஒன்று மிஞ்ச வேண்டும் என்று நினைத்திருக்கிறார்கள். அந்த நினைப்பைப் பிடித்துக்கொண்டு நம் டெல்டாவுக்கு வருகிறேன். நான் பேச வந்தது கீழ்வெண்மணியைப் பற்றி. அங்கே செத்தவர்களை விடவும், அங்கே மிஞ்சியவர்களைப் பற்றி.

இரண்டையும் ஒரே அளவில் வைக்கவில்லை என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன். ஆர்மேனியர்களில் மாண்டவர்களை ஆய்வாளர்கள் லட்சக்கணக்கில், பலர் பத்து லட்சத்துக்கும் மேல் என்று, கணிக்கிறார்கள். அது ஓர் அரசு தன் குடிகளின் ஓர் இனத்தையே துடைத்தெறிய முனைந்தது. வெண்மணியில் ஒரே இரவில், ஒரே குடிசையில் 44 பேர் எரிந்து மாண்டார்கள். காரணமும் வேறு, அளவும் வேறு. ஆனால் எஞ்சியவர்களுக்கு வந்த கேள்விகள் ஒன்றுதான். யாரிடம் சொல்வது? சொன்னால் நம்புவார்களா? நாளை எங்கே இருப்பது?

1968-இல் கீழ்வெண்மணி தஞ்சாவூர் மாவட்டத்து ஊர். இன்று அது நாகப்பட்டினம் மாவட்டத்தில், கீழ்வேளூர் வட்டத்தில், தேவூர்ப் பக்கம் இருக்கிறது. இளையவர்கள் பலர் அதை வேறு மாவட்டத்துச் செய்தியாக நினைக்கிறார்கள். அது தஞ்சாவூரின் செய்தி. தஞ்சை நெல்லின் செய்தி.

அந்த நெல்லைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். 1960-களின் தொடக்கத்தில் தீவிர வேளாண்மைத் திட்டத்துக்கு நாட்டில் முதலில் தேர்ந்தெடுக்கப்பட்ட மாவட்டங்களுள் தஞ்சாவூரும் ஒன்று. ஆடுதுறை 27 என்ற குறுகிய வயது நெல் வந்தது. உரமும் கடனும் வந்தன. ஒரு போகம் சம்பா மட்டும் பார்த்த வயல்கள் பல, குறுவையும் தாளடியும் கண்டன. விளைச்சல் கூடியது; வேலையும் கூடியது. நடவுக்கும் அறுப்புக்கும் ஆள் தேவைப்பட்ட அந்த நேரத்தில்தான், களத்துக் கூலியில் இன்னும் அரைப்படி நெல் வேண்டும் என்று விவசாயத் தொழிலாளர்களின் செங்கொடிச் சங்கம் கேட்டது.

அந்தக் கேள்வி திடீரென்று முளைக்கவில்லை. 1940-களில் கம்யூனிஸ்ட் தலைவர் பி. சீனிவாசராவ் இந்தப் பக்கம் வந்து பண்ணையாட்களைச் சங்கமாகச் சேர்த்தபோது, சாணியைக் கரைத்துக் குடிக்கவைக்கும் சாணிப்பாலும் சவுக்கடியும் அன்றாடத் தண்டனைகளாக இருந்தன. அடித்தால் திருப்பி அடி என்று அவர் சொன்னதாகக் கிழக்குத் தஞ்சையில் இன்றும் சொல்வார்கள். களப்பால் குப்பு, வாட்டாக்குடி இரணியன், ஜாம்பவானோடை சிவராமன் போன்ற சங்கத்தவர் உயிரைக் கொடுத்த போராட்டத்தில்தான் அந்தத் தண்டனைகள் நின்றன. 1952-இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. சட்டம் வந்தபின் பண்ணையாள் என்ற நிலை போய், தினக்கூலி என்ற நிலை வந்தது. பிணைப்பு அறுந்தது, பாதுகாப்பும் சேர்ந்தே அறுந்தது. கூலிப் பேச்சு முறிந்தால் மிராசுதார் வெளியூர் ஆளை இறக்கலாம் என்றாயிற்று. மிராசுதார்கள் நெல் உற்பத்தியாளர் சங்கம் என்று தனியே ஒன்று சேர்ந்தார்கள். இரிஞ்சூர் கோபாலகிருஷ்ண நாயுடு அதன் தலைவர். செங்கொடியை இறக்கு என்பது அவர்கள் கோரிக்கை. தலித் விவசாயத் தொழிலாளர்கள் வாழ்ந்த வெண்மணிச் சேரி இறக்கவில்லை.

1968 டிசம்பர் 25. அன்று மாலை மிராசுதார் தரப்பினர் சேரி ஆட்களைப் பிடித்து வைத்ததும், ஊர் திரண்டு போய் அவர்களை மீட்டதும், அந்தக் கைகலப்பில் மிராசுதார் தரப்பைச் சேர்ந்த பக்கிரிசாமி என்பவர் இறந்ததும் நடந்தன. இரவில் துப்பாக்கியோடும் அரிவாளோடும் ஒரு கூட்டம் சேரிக்குள் புகுந்தது. ஓட முடிந்தவர்கள் வயலுக்குள் ஓடினார்கள். ஓட முடியாத பெண்கள், பிள்ளைகள், முதியவர்கள் தெருக்கோடியில் இருந்த இராமையாவின் குடிசைக்குள் ஒடுங்கினார்கள். எட்டடிக்கு ஒன்பதடி என்று சொல்லப்படும் குடிசை. வெளியே தாழிட்டுத் தீ வைத்தார்கள். வெளியே எறியப்பட்ட குழந்தையைத் திரும்பத் தீயில் எறிந்தார்கள் என்று தப்பியவர்கள் சொன்னார்கள். அப்போது அவர்கள் சொன்னார்கள், வருடக்கணக்காகச் சொன்னார்கள், கேட்க வந்த எல்லோரிடமும் சொன்னார்கள்.

அந்தக் குடிசைக்குள் இருந்தவர்களின் பெயர்களும் வயதுகளும் இன்று கல்லில் இருக்கின்றன. அந்தப் பட்டியலைப் படிப்பதற்கு எவ்வளவு நேரமாகும் என்று யோசித்துப் பாருங்கள், சிறிது நேரந்தான். ஆனால் அதை நின்று படிக்க வேண்டும். ஒரே வீட்டுப் பெயர்கள் அடுத்தடுத்து வரும். அன்றைய அரசியல் தலைவர் ஒருவரின் பெயரைத் தாங்கிய சிறுவன் இருக்கிறான். ஆற்றின் பெயரைத் தாங்கிய ஒரு பெண் இருக்கிறாள். பெயர் வைத்தவர்களுக்கு எதிர்காலத்தின் மேல் நம்பிக்கை இருந்தது என்பது அந்தப் பட்டியலில் தெரிகிறது.

விடிந்த பிறகு என்ன நடந்தது என்பதில்தான் என் பேச்சின் பொருளே இருக்கிறது.

அண்ணா முதலமைச்சராக இருந்தார். அவரே மரணத்துக்குச் சில வாரங்கள் இருந்த நோயாளி. 1969 பிப்ரவரி 3-இல் காலமானார். கிழக்குத் தஞ்சையின் விவசாயத் தொழிலாளர் பிரச்சினையை ஆராய கணபதியா பிள்ளை ஆணையம் அமைந்தது. 1969-இல் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. 1971-இல் குடியிருப்பு மனை உரிமைச் சட்டம் வந்தது. இந்த இரண்டாவது சட்டத்தைப் பற்றி மேடைகளில் குறைவாகவே பேசுகிறார்கள். எனக்கு அது மிகப் பெரியதாகப் படுகிறது. அதுவரை சேரிக் குடிசை நின்ற மண் மிராசுதாருடையது. சங்கத்தில் சேர்ந்தால் வீட்டைக் காலி செய் என்று சொல்ல அவரால் முடியும். குடும்பத்தில் பலரைத் தீயில் இழந்த ஒருவருக்குக்கூட, தான் அழுவதற்கு உட்கார்ந்த திண்ணை தன்னுடையதாக இல்லை. 1971-க்குப் பிறகுதான் அந்த மண்ணில் அவருக்கு உரிமை வந்தது.

ஆர்மேனியர்கள் இழந்தது இதைத்தான். எஞ்சியவர்கள் அலெப்போவுக்கும் பெய்ரூட்டுக்கும் எரெவானுக்கும், அமெரிக்காவுக்கும் பிரான்சுக்கும் சிதறினார்கள். போன இடங்களில் இழந்த ஊரின் பெயருக்கு முன்னால் ‘புது’ என்று சேர்த்துக் குடியிருப்பு கட்டினார்கள். பெய்ரூட் ஓரத்தில் புர்ஜ் ஹம்மூத் என்ற இடத்தில் புது மராஷ், புது சிஸ், புது அதனா இருக்கின்றன. எரெவானில் புது அரப்கீர் எழுந்தது. பிறகு ஊர்ச் சங்கங்கள் நடத்தினார்கள். சங்கங்கள் ஊர் நினைவு நூல்கள் போட்டன. அந்த நூல்களில் கொலை மட்டும் இல்லை. ஊரின் வரைபடம், எந்த ஊற்று எங்கே இருந்தது, எந்த வீட்டுக்கு யார் சொந்தம், கல்யாணத்துக்கு என்ன சமைத்தார்கள், வட்டாரச் சொற்கள், வசைச் சொற்கள், தாலாட்டுகள் எல்லாம் உண்டு. கையில் ஊர் இல்லாதவர்கள் ஊரைத் தாளில் கட்டினார்கள்.

சென்னைக்காரர்களுக்கு ஆர்மேனியர் புதியவர்கள் அல்லர் என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ளலாம். ஜார்ஜ் டவுனில் அரண்மனைக்காரன் தெருவில் 1772-இல் கட்டிய அவர்களுடைய மாதா கோயில் இன்றும் நிற்கிறது. உலகின் முதல் ஆர்மேனிய இதழான அஸ்தரார் 1794-இல் அங்கே, பாதிரியார் ஷ்மாவோனியான் கையால் அச்சேறியது. அவருடைய கல்லறையும் அந்த வளாகத்தில்தான். வணிகர்களாக வந்து மறைந்த அந்தச் சிறு சமூகத்துக்குத் எழுதி அச்சிட்டு வைக்கும் வழக்கம் 1915-க்கு வெகு முன்பே இருந்தது.

வெண்மணியில் எஞ்சியவர்களுக்கு ஓட இடம் இல்லை. அவர்கள் ஊரிலேயே இருந்தார்கள். சம்பா அறுவடை கிடந்தது. அடுத்த குறுவைக்கு நாற்றங்கால் போட வேண்டியிருந்தது. கூலிக்குப் போனால்தான் உலை. போக வேண்டிய வயல் யாருடையது? தீ வைத்தவர்கள் என்று இவர்கள் விரல் நீட்டியவர்களின் வயலாகவோ, அவர்களுடைய உறவினர், சங்கத்தவர் வயலாகவோ இருந்தது. நினைவு மண்டபத்தில் மாலை போடுகிற நமக்கு இது எளிதில் புரியாது. நினைவு என்பது அவர்களுக்கு வருடத்தில் ஒருநாள் காரியமாக இருக்கவில்லை. வரப்பில் நடக்கும்போதும் களத்தில் நெல் அளக்கும்போதும் எதிரே வந்து நின்றது.

நீதிமன்றமும் அவர்களைக் கூப்பிட்டது. எழுத்தறிவு இல்லாத, இருட்டில் ஓடிய, பிள்ளைகளைப் பறிகொடுத்த மனிதர்கள் கூண்டில் ஏறி, யார் கையில் என்ன இருந்தது, யார் எங்கே நின்றார் என்று அடையாளம் சொல்ல வேண்டியிருந்தது. 1970-இல் நாகப்பட்டினம் அமர்வு நீதிமன்றம் கோபாலகிருஷ்ண நாயுடு உள்ளிட்டோருக்குப் பத்தாண்டுச் சிறைத்தண்டனை விதித்தது. 1973-இல் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. மிராசுதார்கள், வசதி படைத்தவர்கள், ஒருவரிடம் காரே இருந்தது. இப்படிப்பட்டவர்கள் வேலையாட்களை ஏவாமல் தாங்களே நடந்து வந்து குடிசைக்குத் தீ வைத்தார்கள் என்பதை நம்பக் கடினமாக இருக்கிறது என்ற பொருளில் அத்தீர்ப்பில் ஒரு பகுதி வருகிறது. பின்னர் உச்ச நீதிமன்றமும் அந்த விடுதலையை உறுதி செய்தது. பக்கிரிசாமி கொலை வழக்கில் விவசாயத் தொழிலாளர்கள் தண்டனை பெற்றார்கள்.

அந்தத் தீர்ப்பின் சட்ட நுணுக்கத்தை வழக்கறிஞர்கள் பேசட்டும். எஞ்சியவர்களின் பக்கம் நின்று ஒன்றை மட்டும் சொல்கிறேன். தங்கள் கண்ணால் கண்டதைச் சொன்ன மனிதர்களிடம், நீங்கள் சொன்ன ஆட்கள் அப்படிச் செய்யக்கூடியவர்கள் அல்லர் என்று சொல்லப்பட்டது. கொலையிலிருந்து உயிர் தப்பியவர், பிறகு அந்தச் சொல்லையும் தாங்கிக்கொண்டு உயிர் வாழ வேண்டியிருந்தது. ஆர்மேனியர்களுக்கும் தீர்ப்பு நிலைக்கவில்லை: ஒட்டோமான் பேரரசு தோற்றபின் 1919, 1920-இல் கான்ஸ்டாண்டிநோபிளில் ராணுவ நீதிமன்றங்கள், அந்த அழிப்பை முன்னின்று நடத்திய அமைச்சர் தலாத் பாஷா முதலியோருக்கு மரண தண்டனை விதித்தன. பின்னர் அங்கே அதிகாரம் மாறியதும் அந்த வழக்குகள் கைவிடப்பட்டன. அந்த வரலாற்றைப் படிக்கும்போது எனக்கு வெண்மணிதான் நினைவுக்கு வந்தது.

இன்னொன்றும் ஒத்துப்போகிறது. தலாத் பாஷாவை 1921-இல் பெர்லினில் சோகோமோன் தெஹ்லிரியான் என்ற இளைஞன் சுட்டுக் கொன்றான். ஜெர்மன் நடுவர் குழு அவனை விடுவித்தது. கோபாலகிருஷ்ண நாயுடு 1980-இல் வெட்டிக் கொல்லப்பட்டார். அந்தச் செய்தியைக் கேட்டு நிம்மதி அடைந்தவர்கள் உண்டு என்பதை மறைக்க வேண்டியதில்லை. அதை நியாயம் என்று சொல்ல என் நாக்கு எழவில்லை. 44 பேர் எப்படிச் செத்தார்கள் என்பதை ஓர் அரசு ஏற்றுக்கொண்டு எழுதி வைப்பதற்கு, ஒரு கொலை ஈடாகாது. எஞ்சியவர்கள் கேட்டது தங்கள் சொல் நம்பப்பட வேண்டும் என்பது.

நம்பியவர்கள் இருந்தார்கள். சம்பவம் நடந்த சில வாரங்களில் மைதிலி சிவராமன் அங்கே போனார். ஐ.நா.வில் வேலை பார்த்துத் திரும்பிய இளம்பெண். மக்கள் சொன்னதை ஆங்கிலத்தில் எழுதினார். 1973 தீர்ப்பையும் கூர்மையாக விமர்சித்தார். அந்த எழுத்துகள் வெளிவராமல் இருந்திருந்தால், அன்றைய நாளேடுகளில் அது இரு தரப்பு மோதல் என்பதோடு முடிந்திருக்கும். இந்திரா பார்த்தசாரதி வெண்மணியை வைத்து எழுதிய ‘குருதிப்புனல்’ 1977-இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. அந்த நாவல் பண்ணையாரின் உளவியலைக் காரணமாக்கிச் சாதியையும் கூலியையும் பின்னுக்குத் தள்ளிவிட்டது என்ற கோபம் இன்றும் தணியவில்லை. அந்தக் கோபத்தில் எனக்கும் பங்குண்டு. சோலை சுந்தரபெருமாளின் ‘செந்நெல்’ அதற்குப் பதிலைப் போல வந்தது. பாரதி கிருஷ்ணகுமார் ‘ராமையாவின் குடிசை’ ஆவணப்படத்தில் தப்பியவர்களையே பேசவைத்தார். கேமராவின் முன் அவர்கள் பேசுகிற தமிழ், கீழத்தஞ்சைத் தமிழ். அதைக் கேட்ட பிறகு எந்தக் கற்பனையும் கொஞ்சம் வெளிறித்தான் தெரிகிறது.

கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதனைச் சொல்லாமல் இருக்க முடியாது. அவரும் கணவர் ஜெகந்நாதனும் காந்திய வழியினர், பூதான இயக்கத்தவர். சம்பவத்துக்குப் பின் இந்தப் பகுதிக்கே வந்து தங்கினார்கள். அழுதவர்களுக்கு ஆறுதல் சொல்லிவிட்டுக் கிளம்பவில்லை. நிலம் வாங்கித் தருவோம் என்றார்கள். வங்கிக் கடன், பேச்சுவார்த்தை, சத்தியாக்கிரகம் என்று எல்லா வழியிலும் முயன்று, வெண்மணிக் குடும்பங்களில் தொடங்கிப் பல ஆயிரம் ஏக்கர் நிலத்தை நிலமற்றவர்கள் பெயருக்கு, அதிலும் பெண்கள் பெயருக்கு, மாற்றினார்கள். 1981-இல் லாஃப்டி என்ற உழுபவனின் நிலவுரிமை இயக்கம் உருவானது. அந்த அம்மாவுக்குக் கிடைத்த பத்ம விருதுகளையும் மாற்று நோபல் என்று சொல்லப்படும் பரிசையும் விட, ஒரு கூலிப்பெண்ணின் பெயரில் ஒரு ஏக்கருக்குப் பட்டா வந்த நாள்தான் பெரிது என்று நான் எண்ணுகிறேன். எந்த வயலுக்குத் தலைகுனிந்து போக வேண்டியிருந்ததோ, அந்த வயல்வெளியில் தன் வரப்பு என்று ஒன்று இருந்தால், நினைவின் பாரத்தைச் சுமக்கும் தோள் மாறுகிறது.

இப்போது டிசம்பர் 25-க்கு வருகிறேன். அன்று வெண்மணியில் கொடியேற்றம், மலர்வளையம், வீரவணக்க முழக்கம், பொதுக்கூட்டம் எல்லாம் நடக்கின்றன. மார்க்சிஸ்ட் கட்சியும் விவசாயத் தொழிலாளர் சங்கமும் சி.ஐ.டி.யு.வும் தளராமல் நடத்தி வருகின்றன. தொழிலாளர் காசில் எழுந்த நினைவு இல்லம் இருக்கிறது. தலித் அமைப்புகளும் வருகின்றன. மறுநாள் டிசம்பர் 26. நாகை மாவட்டத்தில் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோரை 2004-இல் ஆழிப்பேரலை கொண்டுபோன நாள். அடுத்தடுத்த இரண்டு நாட்கள் அழுகிற மாவட்டம் அது. கடல் செய்ததற்கு யாரும் சாட்சிக் கூண்டு ஏற வேண்டியதில்லை.

வெண்மணி கூலிப் போராட்டமா, சாதிக் கொடுமையா என்று அரை நூற்றாண்டாக வாதம் நடக்கிறது. மேடையில் இருப்பவர்களுக்கு அந்தப் பிரிவினை தேவைப்படலாம். எஞ்சியவர்களின் பேச்சில் அது பிரியவில்லை. கூலியை அளந்த கையும், தெருவில் நடக்காதே என்று நீண்ட கையும், டீக்கடையில் தனிக் குவளை வைத்த கையும் அவர்களுக்கு ஒன்றுதான். அவர்கள் வாய்ச்சொல்லை முழுக்கப் பதிவு செய்திருந்தால் இந்த வாதத்தில் பாதி எழுந்திருக்காது.

என் குறை இங்கேதான் இருக்கிறது. இறந்தவர்களுக்கு நாம் தூண் எழுப்பினோம். எஞ்சியவர்களிடம் ஒரே ஓர் இரவைப் பற்றி மட்டும் திரும்பத் திரும்பக் கேட்டோம். 1969 தை மாதம் முதல் அறுவடைக்கு யார் யார் போனார்கள்? வயலில் ஒளிந்தவர்களுக்கு அன்றிரவு பக்கத்து ஊரில் யார் கதவு திறந்தார்கள்? தாயில்லாத பிள்ளைகளை யார் வளர்த்தார்கள்? மனைவியை இழந்தவர்கள் மறுமணம் செய்தபோது புதிதாக வந்த பெண் அந்த வீட்டு நினைவை எப்படி ஏற்றுக்கொண்டாள்? தீர்ப்பு வந்த செய்தியை ஊருக்கு யார் கொண்டுவந்தார்? இவற்றைக் கேட்டவர் குறைவு.

ஆர்மேனியாவில் வெர்ழினே ஸ்வஸ்லியான் என்ற பெண் இனவரைவியலாளர் 1955 முதல் இப்படிக் கேட்டுக்கொண்டே போனார். சோவியத் ஆட்சியில் அந்தப் பேச்சே ஆபத்தாக இருந்த காலம். 1965-இல் ஐம்பதாம் ஆண்டில் எரெவான் தெருக்களில் மக்கள் திரண்ட பிறகே 1967-இல் சிட்சர்னகபெர்த் குன்றில் நினைவுச் சின்னம் எழுந்தது. அதற்குப் பத்தாண்டு முன்பே அவர் வீடு வீடாக நடந்திருக்கிறார். வாழ்நாள் உழைப்பில் எழுநூறு பேரின் வாக்குமூலங்களையும் பாடல்களையும் தொகுத்தார். அரசு கேட்கச் சொல்லவில்லை, அவராகத் தொடங்கினார்.

வெண்மணியில் அன்று பத்து வயதுப் பிள்ளையாக வயலுக்குள் ஓடியவர் இன்று அறுபத்தைந்தைத் தாண்டியிருப்பார். அவருடைய பேரப்பிள்ளைகள் திருப்பூரிலோ சென்னையிலோ வேலையில் இருக்கலாம். அறுவடை இயந்திரம் வந்தபின் களமும் கலமும் மரக்காலும் அவர்களுக்குச் சொல்லிப் புரியவைக்க வேண்டியவை. அரைப்படி நெல் என்றால் எவ்வளவு என்று இந்த அரங்கில் உள்ள மாணவர்களில் எத்தனை பேருக்குக் கையால் காட்டத் தெரியும்?

ஆகவே இந்தக் கல்லூரியிடம் மூன்று காரியங்களைக் கேட்கிறேன். நாகப்பட்டினம் அமர்வு நீதிமன்றத்தில் சாட்சிகள் சொன்னவற்றைத் தமிழில், முழுதாக, ஒரு நூலாகக் கொண்டுவர முயலுங்கள். உயர் நீதிமன்றத் தீர்ப்பையும் அதே நூலில் வையுங்கள். படிப்பவர் முடிவு செய்துகொள்ளட்டும். 1968-இல் இருந்தபடி சேரியின் வரைபடம் ஒன்றை முதியவர்கள் சொல்லச் சொல்ல வரையுங்கள்: வீடுகள், வாய்க்கால், களம், டீக்கடை, எந்த வரப்பு வழியாக யார் ஓடினார்கள் என்பது வரை. மூன்றாவதாக, எஞ்சியவர்களின் பிந்தைய வாழ்க்கையை அவர்கள் தமிழிலேயே பதிவு செய்யுங்கள். பதிவுக் கருவி உங்கள் எல்லோருடைய சட்டைப்பையிலும் இருக்கிறது. டிசம்பரில் போகாதீர்கள்; அன்று அவர்களுக்குப் பேச நேரமிருக்காது. நடவு முடிந்து கொஞ்சம் கை ஓய்கிற ஐப்பசி, கார்த்திகையில் போங்கள். பேச விருப்பமில்லை என்று ஒருவர் சொன்னால் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுத் திரும்பிவிடுங்கள். பேசுகிறவருக்கு, எழுதியதைப் படித்துக் காட்டி, அவர் வேண்டாம் என்ற வரியை நீக்கிவிட்டு, ஒரு பிரதியை அவர் கையில் கொடுங்கள். தமிழ்த் துறையும் வரலாற்றுத் துறையும் சேர்ந்தால் வரும் ஐப்பசியிலேயே தொடங்கிவிடலாம்.